புதுப்பிப்பு: ஓடையில் கழிவுநீர், யார் வழக்குப் போடலாம்?

தேவிபட்டினம் பக்கம் இறால் பண்ணைக் கழிவுநீரை ஊர் ஓடையில் விடுவது பற்றிய முந்தைய பதிவில், "தனி ஆள் வழக்குப் போட முடியாது, இரண்டு பேர் வேண்டும்" என்று எழுதியிருந்தேன். அது பாதிதான் சரி.

பொதுத் தொல்லை பற்றிய சிவில் நடைமுறைச் சட்டம் பிரிவு 91-ன்படி இரண்டு பேர் சேர்ந்தால், சொந்த நஷ்டம் எதையும் காட்டாமலே உறுத்துக் கட்டளை (கழிவுநீர் விடுவதைத் தடுக்கும் நீதிமன்ற உத்தரவு) கேட்கலாம். ஆனால் நீதிமன்ற அனுமதி கட்டாயம். அனுமதி மனுவைப் பிராதோடு (வழக்கைத் தொடங்கும் மனு) சேர்த்தே கொடுங்கள். 1976 திருத்தத்துக்கு முன் அட்வகேட் ஜெனரலின் (மாநில அரசின் தலைமை வழக்கறிஞர்) சம்மதம் வாங்க வேண்டியிருந்தது.

உங்கள் கிணறே உப்பாகிவிட்டதா? அது தனிப்பட்ட இழப்பு. ஒருவராகவே வழக்குப் போடலாம், 91 தடுக்காது.

செலவு குறைந்த வழி கோட்டாட்சியரிடம் மனு. பொதுத் தொல்லையை அகற்ற உத்தரவிடும் அதிகாரம் அவருக்கு உண்டு: பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் பிரிவு 133, இப்போது அதற்குப் பதிலாக வந்த பி.என்.எஸ்.எஸ். சட்டத்தில் பிரிவு 152. அங்கே தகவல் போதும், யார் கொடுத்தாலும் சரி. பெரும்பாலும் சறுக்குவது ஒரே இடத்தில்: "இது பொது ஓடையே இல்லை, என் பட்டா" என்று எதிர்த்தரப்பு நம்பத்தக்க ஆதாரம் காட்டினால், உரிமையியல் நீதிமன்றம் தீர்க்கும்வரை நடவடிக்கை நின்றுவிடும். ஆகவே புல எண்ணோடு புலப்பட (நில அளவை வரைபடம்) நகலையும், 'ஓடைப் புறம்போக்கு' என்றிருக்கும் அ-பதிவேட்டு (கிராம நிலப் பதிவேடு) நகலையும் முதல் மனுவிலேயே இணையுங்கள்.