புதுப்பிப்பு: தீர்ப்பாணையில் தவறாக இருந்த சர்வே எண் திருத்தப்பட்டது

எங்கள் பாகப்பிரிவினைத் தீர்ப்பாணையில் சர்வே எண் 142/3 என்பது 124/3 என்று பதிவாகி, பட்டா மாற்ற முடியாமல் நிற்பதை முன்பு எழுதியிருந்தேன். உரிமையியல் நடைமுறைச் சட்டம், 1908-இன் 152-ஆவது பிரிவின்கீழ் நாங்கள் அளித்த மனுவை ஏற்று, நீதிமன்றம் அதைத் திருத்திவிட்டது. எழுத்துப் பிழையையும் கணக்குப் பிழையையும் தற்செயலாக நேர்ந்த விடுபடலையும் நீதிமன்றம் எப்போது வேண்டுமானாலும், தானாக முன்வந்துகூட, திருத்தலாம் என்கிறது அப்பிரிவு. ஆகவே மேல்முறையீடு செய்தே தீர வேண்டும் என்று அன்று நான் எழுதியது தவறு. பிராதின் (வழக்கைத் தொடங்கிய மனுவின்) சொத்து விவரத்தில் சரியான எண் இருந்ததே எங்களுக்குக் கைகொடுத்தது. ஆனால், பங்கின் அளவையே மாற்றக் கேட்பதற்கு இப்பிரிவு உதவாது. அதற்கு அதே சட்டத்தின் ஆணை 47-இன்கீழ் 30 நாட்களுக்குள் மறுஆய்வு மனு அளிக்க வேண்டும், அல்லது மேல்முறையீடு செய்ய வேண்டும். பழைய எண் சிவப்பு மையால் அடிக்கப்பட்டு, மேலே சரியான எண் எழுதப்பட்ட அந்தப் பக்கத்தை அம்மா வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். சான்றிட்ட நகலுடன் பட்டாவுக்கு மீண்டும் விண்ணப்பித்துவிட்டோம்.