மண்டலம் 9-இல் லைலாக் பூக்கவில்லை, வழி சொல்லுங்கள்

எங்கள் லைலாக் (கொத்துக் கொத்தாக வாசனைப் பூ வைக்கும் குளிர்நாட்டுப் புதர்ச்செடி) தளதளவென்று வளர்கிறது, பூ மட்டும் வைப்பதில்லை. இடம் யு.எஸ்.டி.ஏ. (அமெரிக்க வேளாண் துறை) குளிரளவை வைத்துப் பிரித்த மண்டலங்களில் 9பி, குளிர்காலத்தில் மைனஸ் 3 டிகிரிக்குக் கீழே போவது அபூர்வம். சாதாரண லைலாக்குக்கு இந்தக் குளிர் போதாது என்பதால்தான், மிதமான குளிருக்கென்றே கலிபோர்னியாவில் உருவாக்கிய 'லாவெண்டர் லேடி' ரகத்தை 2021-இல் நட்டோம்.

ஆறு மணி நேரத்துக்கு மேல் நேர் வெயில் விழுகிறது. மண்ணின் பி.எச். (அமில-கார அளவு) 6.8, கிட்டத்தட்ட நடுநிலை, அதனால் சுண்ணாம்பு போடவில்லை. தழைச்சத்து உரத்தை நிறுத்தியாயிற்று. அடுத்த வசந்தத்துக்கான மொட்டு கோடையிலேயே உருவாகிவிடும் என்பதால் கத்தரிக்கவும் இல்லை.

டிசம்பர் கடைசியிலும் பாதி இலை பச்சையாகவே நிற்கிறது. கிளை நுனியில் பருத்த ஜோடி மொட்டு வர வேண்டிய இடத்தில் ஒல்லியான, கூர்மையான இலை மொட்டுதான் இருக்கிறது. போன வசந்தத்தில் ஒரே ஒரு கொத்து எட்டிப் பார்த்தது. அடியில் நாலு பூ விரிந்ததோடு மேல்பகுதி கருகிவிட்டது. அந்த நாலு பூவின் வாசனைக்காகவே செடியைக் கைவிட மனசு வரவில்லை.

செப்டம்பர் கடைசியிலிருந்து தண்ணீரை நிறுத்தினால் செடி இலை உதிர்த்துக் குளிர்கால உறக்கத்துக்குப் போகும் என்கிறார்கள். இதே மண்டலத்தில் அப்படிப் பூக்க வைத்தவர்கள் சொல்லுங்கள்: ஒரேயடியாக நிறுத்தினீர்களா, கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்தீர்களா?