புதுப்பிப்பு: தொழுநோயும் ஃபரூக்சாதின் கேமராவும்

ஈரானியக் கவிஞர் ஃபரூக் ஃபரூக்சாத் எடுத்த ‘வீடு கறுப்பு’ ஆவணப்படம் பற்றிய என் முந்தைய இழையில், தொழுநோயாளிகளின் முகங்களை அவ்வளவு கிட்டத்தில் காட்டுவது சுரண்டல் இல்லையா என்று சிலர் கேட்டிருந்தீர்கள். மறுபடி பார்த்துவிட்டு எழுதுகிறேன்.

எனக்கு அப்படித் தோன்றவில்லை. 1962-இல் ஈரானின் தப்ரீஸ் நகரத்துக்கு அருகே பாபாபாகி தொழுநோயாளர் குடியிருப்பில் எடுத்த படம், சுமார் 22 நிமிடம்தான். அதற்குள் ஒரு பெண் கண்ணுக்கு மையிடுகிறாள், பிள்ளைகள் பந்தாடுகிறார்கள், கல்யாணமும் நடக்கிறது. பரிதாபம் கேட்டு யாரும் கேமராவைப் பார்ப்பதில்லை. வகுப்பில் அசிங்கமானவை எவை என்று ஆசிரியர் கேட்க, ஒரு பையன் கை, கால், தலை என்கிறான். ஊர் ஒதுக்கியது அந்தப் பிஞ்சு மனசு வரைக்கும் போயிருக்கிறது. தள்ளி நின்று எடுத்திருந்தால் இது நமக்குத் தெரிந்திருக்காது. அங்கே வாழ்ந்த தம்பதியின் மகன் ஒருவனை ஃபரூக் தத்தெடுத்தும் கொண்டார்.

தொழுநோய் தொற்றுமா என்று கேட்டவருக்கு: இது கிருமியால் வருவது, பரம்பரை நோய் அல்ல. கூட்டு மருந்து சிகிச்சையை உலக சுகாதார நிறுவனம் 1981-லேயே பரிந்துரைத்துவிட்டது. மருந்து தொடங்கியதும் பரவும் தன்மை சீக்கிரமே போய்விடும். ஆனால் தொழுநோயைக் காட்டி விவாகரத்து கேட்கலாம் என்ற சட்டப்பிரிவை இந்தியாவில் 2019-இல்தான் நீக்கினார்கள். அத்தனை வருஷம் அதை விட்டுவைத்ததை என்னால் ஏற்கவே முடியவில்லை.