பேச்சே உயிரான நாடகத்தைப் பாலேயாக்க முடியுமா?

மேடைவாசி:
பெர்னார்ட் ஷாவின் ‘பிக்மேலியன்’ நாடகத்தைத் தழுவி 1977-இல் சோவியத் தொலைக்காட்சிக்காக எடுக்கப்பட்ட ‘கலத்தேயா’ பாலேப் (பேச்சின்றி நடனத்தாலும் இசையாலும் கதை சொல்லும் மேலைநாட்டு ஆடற்கலை) படத்தை, எக்காத்தரீனா மக்சீமவாவின் ஆட்டத்துக்காகவே இரண்டு முறை பார்த்தேன். பூக்காரப் பெண்ணின் உச்சரிப்பைத் திருத்துவதுதான் கதை. அதிலிருந்து பேச்சையே எடுத்துவிட்டால் எஞ்சுவது என்ன? இத்தகைய தழுவல்களில் எதைத் தக்கவைக்கிறார்கள் என்பதை அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

ஒத்திகை:
டென்மார்க்கின் ஃபிளெமிங் ஃபிளிண்ட் 1963-இல் தொலைக்காட்சிக்கென்றே அமைத்து, மறு ஆண்டு பாரிஸ் மேடைக்குக் கொண்டுசென்ற ‘பாடம்’ பாலேயைப் பாருங்கள், ஐயா. மூலம் அயனெஸ்கோவின் 1951-ஆம் ஆண்டு நாடகம். பேராசிரியர் ஒருவர் கணக்காலும் மொழியியலாலும் மாணவியைத் திணறடித்து, கடைசியில் கொன்றேவிடுகிறார். ஃபிளிண்ட் அவரை நடன ஆசிரியராக்கினார். வேலைக்காரி பியானோ வாசிப்பவளானாள். நாடகத்தில் மாணவி ‘பல் வலிக்கிறது’ என்று ஓயாமல் முறையிடுவாள் அல்லவா? பாடம் உடம்பை வதைக்கிறது என்பது மூலத்திலேயே இருக்கிறது. அந்த வலியைப் பல்லிலிருந்து கால்விரல் நுனிக்கு இறக்கியதுதான் ஃபிளிண்டின் சாமர்த்தியம். மேடையில் பின்வரிசைக்குத் தெரியாத விரல் நடுக்கத்தைக்கூடக் கேமரா அருகே சென்று காட்டிவிடும் என்பதால், இது சின்னத்திரைக்குப் பொருந்திய கதை.

வெண்திரை:
ஓரளவே உடன்படுகிறேன். எல்லா மொழிகளிலும் ஒரே சொல்லைச் சொல்லிவிட்டு அவை வேறு வேறு என்று பேராசிரியர் சாதிக்கும் வேடிக்கை, பாலேயில் அடியோடு போய்விடுகிறது. மாறாக, ஸ்வீடன் நாடகாசிரியர் ஸ்டிரிண்ட்பெர்க்கின் ‘மிஸ் ஜூலி’ (1888) நாடகப் பிரதியிலேயே உழவர்கள் ஆடும் இடத்துக்கு ‘பாலே’ என்றுதான் தலைப்பு. பிர்கிட் குல்பெர்க் 1950-இல் அதைப் பாலேயாக மேடைக்கு அமைத்தபோது, ஜூலி தன் வருங்காலக் கணவனைச் சவுக்கைத் தாண்டவைத்ததாக மூலத்தில் வேலைக்காரன் வாய்மொழியாகச் சொல்லும் செய்தியையே கண்ணெதிரே நிகழும் காட்சியாக்கினார். பின்னாளில் தொலைக்காட்சிப் பாலேக்களில் பெயர்பெற்றவர் அவர். ‘கலத்தேயா’ பற்றி ஒன்று: அதன் இசை, அதே ‘பிக்மேலியன்’ கதையைப் பாடல்களோடு சொல்லும் ‘மை ஃபேர் லேடி’ இசை நாடகத்துக்கு ஃபிரெட்ரிக் லோவ் அமைத்த மெட்டுகளை ஒட்டியது. பாடல்களை அறிந்தவரின் காதில் அந்த வரிகள் தாமாகவே ஒலிப்பதால், பேச்சு முழுவதும் நீங்கிவிட்டதாகச் சொல்ல முடியாது.

மேடைவாசி:
இருவருக்கும் நன்றி. அந்தப் பாடல்கள் எனக்கு மனப்பாடம் என்பதை நான் எண்ணிப்பார்க்கவே இல்லை. மூன்றாவது முறை ஒலியை நிறுத்திவிட்டுப் பார்க்கிறேன்.