காயக்கட்டுச் சுவரொட்டி: எம்.ஜி.ஆர். பிம்பம் வாக்காக மாறியது எப்படி?

தறிக்காரன்:
1967 ஜனவரி 12 அன்று எம்.ஆர்.ராதா சுட்டதில் எம்.ஜி.ஆரின் கழுத்தில் குண்டு பாய்ந்தது. கழுத்துக் கட்டுடன் மருத்துவமனையில் எடுத்த படம் சுவரொட்டியாக ஊரெங்கும் ஒட்டப்பட, பிரசாரத்துக்கே செல்லாத அவர் அந்த ஆண்டுச் சட்டமன்றத் தேர்தலில் திமுக வேட்பாளராகப் பரங்கிமலைத் தொகுதியில் வென்றார். குண்டடி எதிர்பாராதது, அந்தப் படத்தை அச்சுக்கு அனுப்பியதோ நன்கு யோசித்துச் செய்த காரியம். குடிக்காத, புகைக்காத, தாயைத் தெய்வமாகப் போற்றும் நாயகனாகவே ஆண்டுக்கணக்கில் திரையில் தோன்றியவர் என்பதால், சுவரொட்டியைக் கண்டவர்களுக்குத் தனியாக விளக்கம் தேவைப்படவில்லை.

வைகைக்கரை:
அதே தேர்தலில் விருதுநகரில் காமராஜரைத் தோற்கடித்த மாணவர் தலைவர் பெ.சீனிவாசனுக்குத் திரைப் பிம்பம் ஏது? அரிசித் தட்டுப்பாடும் 1965 மொழிப்போரின் கோபமும் ராஜாஜியுடனான கூட்டணியும் சேர்ந்து திமுகவுக்குத் தந்த வெற்றியை ஒரு சுவரொட்டியின் கணக்கில் எழுதுவது முறையன்று. மேலும், பிம்பமே குறி என்றால், குண்டடியில் சிதைந்த குரலுக்குப் பதிலாக வேறொருவரைப் பேச வைத்திருக்கலாமே. அவர் கடைசிவரை சொந்தக் குரலில்தான் நடித்தார்.

தறிக்காரன்:
அந்தக் குரல்தான், ஐயா, ஒவ்வொரு வசனத்திலும் காயத்தை நினைவூட்டியது.

பழைய மன்றத்தார்:
இருவருமே மன்றங்களை மறந்துவிட்டீர்கள். 1972 அக்டோபரில் அவர் திமுகவிலிருந்து நீக்கப்பட்டதும் ரசிகர் மன்றங்கள் பல இடங்களில் அப்படியே அதிமுக கிளைகளாயின. பலகையில் எழுத்து மாறியது, ஆட்கள் மாறவில்லை. 1984இல் அவர் புரூக்ளின் மருத்துவமனையில் இருந்தபோது, உயிருடன்தான் இருக்கிறார் என்று காட்டும் வீடியோ படம் ஊர் ஊராகத் திரையிடப்பட்டு, போகாத ஆண்டிப்பட்டியில் வென்றாரே, அதுவும் களத்தில் ஆள் இருந்ததால் நடந்ததுதான். (இந்திரா காந்தி கொலையின் அனுதாபமும் அதில் உண்டு, மறுக்கவில்லை.)

வைகைக்கரை:
மன்றங்களும் பிம்பமும் போதுமானவை என்றால் 1980 ஜனவரி மக்களவைத் தேர்தலில் அதிமுக இரண்டே இடங்களில் வென்றது ஏன்? தொப்பியும் கறுப்புக் கண்ணாடியும் அப்போதும் இருந்தன. பிற்படுத்தப்பட்டோர் இடஒதுக்கீட்டுக்கு ஆண்டு வருமானம் 9,000 ரூபாய் என்று 1979இல் அவர் வரம்பு விதித்திருந்தார். தோல்விக்குப் பின் அந்த ஆணையைத் திரும்பப் பெற்று, ஒதுக்கீட்டை 31 விழுக்காட்டிலிருந்து 50 ஆக உயர்த்தினார். அடுத்த மாதமே ஆட்சி கலைக்கப்பட்டும், மே மாதச் சட்டமன்றத் தேர்தலில் அதே மக்கள் அவரை மீண்டும் முதலமைச்சராக்கினார்கள்.