மறு: 'என்சென்' என்பதற்குத் தமிழில் என்ன சொல்லலாம்?

> ஆயக்கட்டு என்ற சொல் கையில் இருக்கும்போது புதிதாக ஏன் தேட வேண்டும்?

ஐயா, நண்பர்களே, வணக்கம்.

'என்சென்' என்பது ஒரு ரயில் தடத்தை ஒட்டி, அதைச் சார்ந்து அமைந்த பகுதியைக் குறிக்கும் ஜப்பானியச் சொல். அதற்கு ஈடாக இந்த இழையில் இதுவரை வழித்தடப் பகுதி, தண்டவாளத்தோரம், ஆயக்கட்டு என்று மூன்று சொற்கள் வந்திருக்கின்றன. 'என்சென்' என்றே எழுதிவிடலாம் என்றும் ஒருவர் சொல்லியிருக்கிறார். ஓர் ஏரியின் நீரால் பாசனம் பெறும் நிலப்பரப்பைக் குறிக்கும் ஆயக்கட்டை ஐயா மேலே உள்ள வரியில் முன்வைத்தார். அதைப் படித்ததிலிருந்து இரண்டு நாளாக அதையே நினைத்துக்கொண்டிருக்கிறேன். மடல் கொஞ்சம் நீண்டுவிட்டது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஜப்பானில் இந்தச் சொல் புழங்கும் விதத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். ஒசாகாவில் வேலைக்குச் சேர்ந்து வாடகை வீடு தேடியபோது, தரகர் எந்த ஊர், எந்தப் பேட்டை என்று என்னிடம் கேட்கவில்லை. "எந்த என்சென்?" என்றுதான் கேட்டார். வீடு தேடும் இணையதளங்களிலும் அதே வரிசைதான். முதலில் ரயில் தடம், அப்புறம் நிலையம், அப்புறம் நிலையத்திலிருந்து எத்தனை நிமிட நடை.

ஒசாகாவுக்கும் கோபேவுக்கும் இடையில், ரொக்கோ மலைக்கும் கடலுக்கும் நடுவே ஒடுங்கிய நிலம் ஒன்று இருக்கிறது. அதில் மூன்று ரயில் தடங்கள் ஏறக்குறைய இணையாக ஓடுகின்றன. மலைப் பக்கம் ஹான்க்யூ, கடல் பக்கம் ஹான்ஷின் என்ற தனியார் நிறுவனங்களின் தடங்கள், நடுவில் ஜே.ஆர். (ஜப்பான் ரயில்வே) தடம். ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குப் பல இடங்களில் நடந்தே போய்விடலாம். ஆனாலும் "நான் ஹான்க்யூ என்சென்காரன்" என்று ஒருவர் சொன்னால், அவருடைய ஊர், கடைத்தெரு, பழக்கவழக்கம் எல்லாம் கேட்பவருக்கு ஓரளவு புரிந்துவிடும். 2006 முதல் ஹான்க்யூவும் ஹான்ஷினும் ஒரே குழுமத்தின் கீழ் இருக்கின்றன. மக்கள் பேச்சில் அந்த இரண்டு என்சென்களும் இன்றுவரை ஒன்றாகவில்லை.

அதனால்தான் 'வழித்தடப் பகுதி' எனக்கு ஒட்டவில்லை. அது அரசாணையில் எழுதும் சொல். தடத்தின் இருபுறமும் இத்தனை மீட்டர் என்று நாடா பிடித்து அளந்ததுபோல இருக்கிறது. 'தண்டவாளத்தோரம்' என்றாலோ நம் காதில் வேறு படம் வருகிறது. இடித்துவிடுவார்களோ என்று பயந்து வாழும் குடிசைகளின் படம் அது. அந்தப் பொருள் அந்தச் சொல்லிலேயே இருக்கட்டும். அதை மாற்ற நமக்கு உரிமை இல்லை.

ஆயக்கட்டுக்கு வருகிறேன். அது ஏன் கிட்டத்தட்டப் பொருந்துகிறது என்பதற்கு ஹான்க்யூவின் பிறப்பையே சொல்லலாம். அந்த நிறுவனம் 1907இல் தொடங்கியபோது அதன் பெயர் மினோ அரிமா மின்சார ரயில். 1910 மார்ச் 10இல் ஒசாகாவின் உமெதாவிலிருந்து தகராசுகா வரை சுமார் 25 கி.மீ. பாதையும், மினோவுக்கு ஒரு கிளையும் திறந்தார்கள். பெயரில் இருக்கும் அரிமா வெந்நீர் ஊற்று வரை பாதை போகவே இல்லை. அன்றைக்கு அந்த வழியில் பெரிய ஊர் என்று சொல்லவும் அதிகம் இல்லை, பெரும்பாலும் வயலும் மேடும்தான். இதில் யார் ஏறப் போகிறார்கள் என்று பலர் கேட்டார்கள். நிறுவனத்தை நடத்திய கோபயாஷி இச்சிசோ, தடம் வரவிருந்த வழியை நடந்தே பார்த்தவர். பயணிகள் இல்லையென்றால் பயணிகளைக் குடியேற்றுவோம் என்று முடிவு செய்தார்.

பாதை திறந்த அதே ஆண்டில் இகெதா நிலையத்துக்குப் பக்கத்தில் வீடுகள் கட்டி விற்கத் தொடங்கினார்கள். ஒரு மனை ஏறக்குறைய 100 ட்சுபோ, நம் கணக்கில் ஒன்றரை கிரவுண்டு. கையில் மொத்தப் பணம் இல்லாத மாதச் சம்பளக்காரரும் வாங்கும்படி, பத்து ஆண்டுத் தவணை வைத்தார்கள். அதற்கு முந்தின ஆண்டு நிறுவனம் அச்சிட்ட விளம்பரக் கையேட்டில், அழகான நீர் நகரம் பழங்கனவாகிப் போய், வானம் இருண்ட புகை நகரத்தில் வாழ்கிறீர்களே என்று ஒசாகாக்காரர்களைப் பார்த்து இரங்கும் வரி உண்டு. ரயில் கம்பெனி விளம்பரம் என்று சொன்னால் நம்ப முடியாது, அப்படி ஒரு வரி.

காலையில் நகரத்துக்குப் போகும் வண்டி நிரம்பிவிடும், எதிர்த்திசை வண்டி காலியாக ஓடும். அதையும் நிரப்ப வேண்டுமே? தடத்தின் கடைசியில், தகராசுகாவில், 1911இல் வெந்நீர்க் குளியல் விடுதி திறந்தார்கள். அங்கே கட்டிய உள்ளரங்க நீச்சல் குளம் எடுபடவில்லை. அதன்மேல் பலகை போட்டுப் பார்வையாளர்களை உட்கார வைத்து, 1914இல் பெண்கள் மட்டுமே நடிக்கும் இசை நாடகத்தை அரங்கேற்றினார்கள். அந்தக் குழு இன்றும் ஆடுகிறது. 1929இல் உமெதா முனையத்தில் நிறுவனம் தன் சொந்தப் பல்பொருள் அங்காடியைத் திறந்தது. அதே ஆண்டு, கோபேவில் இருந்த குவான்செய் ககுயின் கல்லூரி நிஷினோமியாவுக்கு, ஹான்க்யூ தடத்தின் பக்கம், இடம் மாறியது. அதன் பழைய வளாகத்தை நிறுவனமே வாங்கிக்கொண்டது. நகரத்துக்கு எதிர்த்திசையில் மாணவர்கள் ஏறத் தொடங்கினார்கள்.

ஆக, ஒரு ஏரியை நம்பி இத்தனை ஏக்கர் என்பதுபோல, ஒரு தடத்தை நம்பி இத்தனை வீடு, இத்தனை கடை. ஐயா சொன்ன ஒப்புமை சரிதான். ஆனால் ஆயக்கட்டில் நீர் ஒரு பக்கமாகத்தான் போகிறது. மதகைத் திறந்தால் வயலுக்குப் பாயும், வயல் ஏரிக்குத் திருப்பி எதையும் கொடுப்பதில்லை. என்சென் அப்படியில்லை. அங்கே குடியிருப்பவர்தான் ரயிலுக்குப் பயணி, அவர்தான் அங்காடிக்கு வாடிக்கையாளர். தடம் ஊரை உண்டாக்குகிறது, ஊர் தடத்தைத் தாங்குகிறது. இன்னொன்று, ஆயக்கட்டு கணக்குப் பதிவேட்டின் சொல். "நான் இன்ன ஏரியின் ஆயக்கட்டுக்காரன்" என்று பாசனச் சங்கத்தில் சொல்லலாம், பெண் பார்க்கப் போன வீட்டில் சொல்ல மாட்டோம். என்சென் அங்கேயும் சொல்லக்கூடிய சொல்.

என் பரிந்துரை: தடக்கரை.

காவிரிக்கரை என்றால் நாம் நீரைத் தொடும் மணலை மட்டும் நினைப்பதில்லை. ஊர்கள், கோயில்கள், சாப்பாடு, பேச்சு எல்லாம் அதற்குள் வந்துவிடுகின்றன. என்சென் என்று எழுதும் இரண்டு சித்திர எழுத்துகளில் முதலாவதைப் பாருங்கள். அதன் இடப்பக்கம் மூன்று துளிகள் இருக்கும். அது நீரைக் குறிக்கும் உறுப்பு. அந்த எழுத்தின் பழைய பொருளே நீரோட்டத்தை ஒட்டிச் செல்வது. இரண்டாவது எழுத்து கோடு, தடம். அவர்களும் ஆற்றிலிருந்துதான் ரயிலுக்கு வந்திருக்கிறார்கள். இதைக் கண்டபோது எனக்கு உண்மையிலேயே மகிழ்ச்சியாக இருந்தது.

புணர்ச்சியில் சிக்கல் இல்லை. குளம், கரை சேர்ந்து குளக்கரை ஆவதுபோல, தடம், கரை சேர்ந்து தடக்கரை. பழந்தமிழில் 'தட' என்றால் பெரிய என்று பொருள், தடக்கை என்பதுபோல. அதனால் பெரிய கரை என்று படிக்க வாய்ப்பு உண்டு என்று யாராவது சொல்லலாம். ரயில் பற்றிய கட்டுரையில் அந்தக் குழப்பம் வராது.

கரையை யாரும் கட்டுவதில்லையே, இங்கே ஒரு நிறுவனம் கணக்குப் போட்டு உண்டாக்கியதல்லவா என்று ஐயா கேட்பார். நானும் அங்கேதான் முதலில் தடுமாறினேன். ஆற்றங்கரை தானாக அமைவது, ஆனால் குளக்கரை மனிதர் எழுப்பியது. கரை இல்லாவிட்டால் குளமே நிற்காது. நிகண்டுகளில் 'தடம்' என்பதற்குக் குளம் என்ற பொருளும் இருக்கிறது. அப்படிப் பார்த்தால் ஐயாவின் ஏரியும் இந்தச் சொல்லுக்குள் வந்துவிடுகிறது.

வாக்கியத்தில் போட்டுப் பார்த்தேன். "ஹான்க்யூ தடக்கரையில் வீடு பார்க்கிறேன்." "தடக்கரை மக்கள் தொகை குறைந்தால் ரயில் நிறுவனம் என்ன செய்யும்?" "அவர் ஹான்ஷின் தடக்கரைக்காரர்." மூன்றும் என் நாவில் தடங்கவில்லை. 'தடக்கரை வளர்ச்சித் திட்டம்' மட்டும் கொஞ்சம் விறைப்பாக இருக்கிறது. அதற்கு வேறு வழி தெரிந்தால் எழுதுங்கள்.

ரயிலா தொடர்வண்டியா என்பதை இந்த இழையில் எடுக்க வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். ஐயா, வயலும் ஏரியும் பார்த்து வளர்ந்தவர் நீங்கள். தடக்கரை உங்கள் காதுக்கு எப்படி இருக்கிறது என்று தெரிந்த பிறகுதான் என் ரயில் கட்டுரையில் மாற்றுவேன்.