வாறுகால் வேலை பில் பாக்கி: கமர்ஷியல் கோர்ட்டா, ஹைகோர்ட் மதுரைக் கிளையா?

அண்ணாச்சிமாரே, உள்ளாட்சி பில் வழக்கு நடத்தின கான்ட்ராக்டர், வக்கீல் யாராவது சொல்லுங்க.

அம்பை பக்கம் ஒரு பேரூராட்சியில் வாறுகாலும் (வடிகால்) பேவர் பிளாக் தரையும் போட்டேன். ஒப்பந்தம் 9.40 லட்சம், பார்ட் பில் 5.60 லட்சம் வந்துட்டு. 2023 நவம்பரில் வேலை முடிஞ்சுது. மிச்சம் 3.80 லட்சமும் டெபாசிட்டும் நிக்குது. எம்-புக்கில் (வேலை அளவைப் பதியுற புத்தகம்) அளவு ஏறியிருக்கு, அதை மேலதிகாரி சரிபார்த்துப் போடுற செக் மெஷர்மென்ட் கையெழுத்து மட்டும் இல்ல. அது இல்லாம பில் நகராது.

கூடுதலா ஒரு சிறுபாலம், இன்ஜினியர் வாய்மொழியா சொன்னது. ஒர்க் ஆர்டர் கிடையாது. சும்மா செஞ்சு கொடுக்காத வேலையோட பலனை அனுபவிச்சவங்க ஈடு தரணும்ங்கிற ஒப்பந்தச் சட்டம் 70-ஆம் பிரிவில் கேட்கலாம், சுப்ரீம் கோர்ட்டோட 1962 பி.கே. மண்டல் தீர்ப்பு அதுக்குத்தான் தோது. ஆனா அளவுக்கு என்ன சாட்சி காட்டினீங்க? கோர்ட் நியமிக்கிற வக்கீல் கமிஷனர் வச்சு அளந்தீங்களா?

லிமிட்டேஷன் (வழக்குப் போடுற கெடு) வேலை முடிஞ்ச நாளிலிருந்து 3 வருஷம். "நிதி வந்ததும் தாரோம்"னு வாயால சொன்னது செல்லாது. கெடு நீளணும்னா, அது முடியுமுன்ன பாக்கியை ஒத்துக்கிட்டு அவங்க கையெழுத்துப் போட்ட கடுதாசி வேணும். எம்-புக் நகலுக்கு ஆர்.டி.ஐ. போட்டாச்சு.

மதுரைக் கிளையில் ரிட் போட்டா பெரும்பாலும் "மனுவைப் பரிசீலி"ன்னுதான் உத்தரவு வரும். அளவுத் தகராறுன்னா சிவிலுக்குப் போன்னு அனுப்பிருவாங்க. கேட்கிற தொகை 3 லட்சமோ அதுக்கு மேலயோ இருக்கிற கட்டுமான ஒப்பந்தத் தகராறுன்னா கமர்ஷியல் வழக்கு, அவசர இடைக்கால உத்தரவு கேட்கலைன்னா அதுக்கு முன்ன கமர்ஷியல் கோர்ட் சட்டம் 12ஏ பிரிவு சமரசம் கட்டாயம். நெல்லை சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் அந்த மனுவோட என்னென்ன நகல் கேட்கிறாங்க? பேரூராட்சி ஆள் வராட்டா, சமரசம் நடக்கலைன்னு சொல்ற தோல்வி அறிக்கை சீக்கிரம் தாராங்களா?